பெயர்களை வைத்துத் திருத்திய ஒரு திரைக்கதை: மூன்றாம் வரைவின் செய்முறைப் பதிவு

என்னுடைய முதல் முழுநீளத் திரைக்கதையின் மூன்றாம் வரைவை அண்மையில் முடித்தேன். இரண்டாம் வரைவிலிருந்து இதற்கு வந்து சேரச் செய்த வேலைகளை, பயன்படுத்திய கருவி, பக்க அமைப்பு, காட்சித் திருத்தம் ஆகியவற்றோடு இங்கே பதிவு செய்கிறேன். கதையின் கட்டமைப்பைப் பற்றித் தமிழில் படிக்கக் கிடைப்பவை ஓரளவு இருக்கின்றன. ஆனால், எழுதி முடித்த பக்கங்களைக் கையில் வைத்துக்கொண்டு அவற்றை எப்படிப் பழுதுபார்ப்பது என்பதை, உதவி இயக்குநராகச் சேர்ந்தவர்கள் கதை விவாத அறையில் உடனிருந்து கற்றுக்கொள்கிறார்கள். அந்த அறைக்கு வெளியே இருந்து எழுதுகிறவர்களை நினைத்தே இதை எழுதுகிறேன்.

கதை இதுதான். சங்கரன்கோவிலில் விசைத்தறி ஓட்டும் சுடலைமுத்துவின் மகள் பேச்சியம்மாள், சென்னை ராஜீவ் காந்தி சாலையில் ஒரு மென்பொருள் நிறுவனத்தில், சிகாகோவில் உள்ள ஒரு வாடிக்கையாளருக்காக வேலை செய்கிறாள். வீட்டில் அவள் பேச்சி. பள்ளிச் சான்றிதழில் சு. பேச்சியம்மாள். கடவுச்சீட்டு எடுக்கும்போது 'சு' என்ற முதலெழுத்து விரிந்து, தந்தையின் பெயர் குடும்பப்பெயர்க் கட்டத்தில் போய் உட்கார்ந்துகொள்கிறது. நிறுவனத்தின் மின்னஞ்சல் பட்டியல் குடும்பப்பெயரை முன்னால் போடுவதால், சிகாகோ மேலாளர் அவளை 'சுடலை' என்றே கூப்பிடுகிறார். உணவு வரவழைக்கும் செயலியிலும் வாடகைக் கார் செயலியிலும் அவள் தானே தேர்ந்துகொண்ட பெயர் பிரியா. பெயர் வரிசையை மாற்றித் தரும்படி அலுவலக உதவி மையத்தில் அவள் ஒரு டிக்கெட், அதாவது இணையவழிக் கோரிக்கை, போட்டிருக்கிறாள். அது பல மாதங்களாகத் திறந்தபடியே கிடக்கிறது. இடைவேளையில் தந்தை இறந்துபோகிறார். அதற்குப் பிறகு, ஒவ்வொரு நாள் இரவும் சிகாகோவுடனான இணையக் கூட்டத்தில் அவர் பெயரைச் சொல்லித்தான் அவளை அழைக்கிறார்கள்.

தமிழர்களின் பெயர் முறையும் உலகின் படிவங்களும் மோதும் இடம் இது. நம்மில் பெரும்பாலோருக்குக் குடும்பப்பெயர் என்று ஒன்று கிடையாது. தந்தை பெயரின் முதலெழுத்தே போதுமானதாக இருந்தது. படிவங்கள் அதை ஏற்கவில்லை. ஒற்றைப் பெயர் மட்டும் உள்ள கடவுச்சீட்டோடு வருகிறவர்களைச் சுற்றுலா விசாவில் அனுமதிப்பதில்லை என்று ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பரில் அறிவித்தபோது, முதலெழுத்தை விரித்து எழுதும் அவசரம் பல வீடுகளுக்குள் வந்தது. அடையாளம் என்ற பெரிய சொல்லைக் கொண்டு நான் சிந்திக்கத் தொடங்கவில்லை. ஒரு படிவத்தின் இரண்டு கட்டங்களிலிருந்து தொடங்கினேன்.

பெயர்ப் பேரேடு

இரண்டாம் வரைவில் பேச்சி நிறையப் பேசினாள். மொட்டைமாடியில், பேருந்தில், தோழியிடம், கண்ணாடியின் முன் என்று வாய்ப்புக் கிடைத்த இடத்திலெல்லாம் தான் யார் என்பதைச் சொல்லிக்கொண்டிருந்தாள். அந்த வசனங்கள் எனக்குத் தேவைப்பட்டன. அவளை நான் அறிந்துகொண்டதே அவற்றின் வழியாகத்தான். ஆனால் எழுதுகிறவர் அறிந்துகொள்ளும் வழியும் பார்வையாளர் அறிந்துகொள்ளும் வழியும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. ஒருத்தி தன் குழப்பத்தைத் தெளிவான வாக்கியத்தில் சொல்லிவிடுகிறாள் என்றால், அந்தக் குழப்பத்தில் பாதியை அவள் ஏற்கெனவே கடந்துவிட்டாள் என்றுதான் பார்க்கிறவர் எடுத்துக்கொள்வார்.

ஆகவே முதல் வேலையாக ஒரு விரிதாளைத் திறந்து, காட்சி எண், இடம், நேரம், அவளை அழைப்பவர் யார், எந்தப் பெயரால் அழைக்கிறார், அதற்கு அவள் என்ன செய்கிறாள் என்று ஆறு பத்திகள் போட்டேன். கடைசிப் பத்தியில் உணர்ச்சியை எழுதக் கூடாது, கண்ணால் பார்க்கக்கூடிய செயலை மட்டுமே எழுத வேண்டும் என்பது எனக்கு நானே விதித்துக்கொண்ட விதி. திரும்புகிறாள், திரும்பவில்லை, இரண்டாம் முறை கூப்பிட்ட பிறகு திரும்புகிறாள், வேறொருவர் தோளைத் தொட்ட பிறகு திரும்புகிறாள் என்பன போன்ற பதிவுகள் மட்டுமே அங்கே இருந்தன.

இந்தப் பேரேட்டை நிரப்பியபோது இரண்டு விஷயங்கள் வெளிப்பட்டன. அவள் தன்னைப் பற்றி அதிகமாகப் பேசும் காட்சிகளில்தான் அவளை யாரும் பெயர் சொல்லி அழைக்கவே இல்லை. அதாவது, அந்தக் காட்சிகளில் எதிரே இருப்பவருக்கு வேலையே இல்லை. மற்றொன்று, அலுவலகக் காட்சிகளில் இந்தியச் சக ஊழியர்கள் அவளை எப்படி அழைப்பார்கள் என்பதை நான் தீர்மானித்திருக்கவில்லை. அவர்கள் பேச்சியம்மாள் என்ற பெயரைத் தமக்குள் சுருக்கிக்கொள்ளாமல் இருக்க மாட்டார்கள். அந்தச் சுருக்கம் அன்பாலா, நாக்குக்கு வசதியாலா, பழைய பெயர் என்று கருதியதாலா என்பதைப் பொறுத்து அந்த அலுவலகமே மாறிவிடும். பேச்சி என்பது தென்மாவட்டங்களில் ஒரு தெய்வத்தின் பெயர். பெயரைக் கேட்டதும் ஊரையும் சாதியையும் ஊகிக்க முயலும் பழக்கம் நம்மிடம் இருக்கிறது. அந்த ஊகத்தை யாரும் வாய்விட்டுச் சொல்லாமல், "சொந்த ஊர் எதுங்க?" என்ற ஒரு கேள்வியில் மட்டும் நிறுத்தினேன். அவள் "தென்காசி மாவட்டம்" என்கிறாள். "தென்காசியில எங்க?" என்று அடுத்த கேள்வி வருகிறது. அந்தக் காட்சிக்கு இந்த இரண்டு வரிகளே போதும்.

எழுத்துரு, பக்கம், நிமிடம்

திரைக்கதையில் வசனத்துக்கு மேலே பாத்திரத்தின் பெயர் வரும். இத்தனை பெயர்கள் உள்ள ஒருத்திக்கு அங்கே எந்தப் பெயரைப் போடுவது என்பது முதலில் அமைப்புச் சிக்கலாகத் தோன்றி, பிறகு கதையின் மையச் சிக்கலே அதுதான் என்று விளங்கியது. இடத்துக்கு ஏற்ப மாற்றிப் போட்டுப் பார்த்தேன். படிக்கிறவருக்கு அது ஒரு விளையாட்டாகத் தெரிந்ததே தவிர, அவளோடு நெருக்கம் வரவில்லை. முடிவில் எல்லா இடங்களிலும் 'பேச்சி' என்றே வைத்தேன். மற்றவர்கள் எப்படி அழைத்தாலும், பக்கத்தைப் படிக்கிறவர் அவளை வீட்டாரின் இடத்தில் நின்று பார்க்கிறார். அந்த இடைவெளி ஒவ்வொரு பக்கத்திலும் தானாகவே உருவாகிவிடுகிறது.

எழுதப் பயன்படுத்தியது ஃபவுண்டன் என்ற எளிய உரை வடிவம். 2012-இல் வெளியான இதில் எந்தச் சாதாரண உரைத் தொகுப்பியிலும் எழுதலாம். குறியீடுகளைப் படித்துச் செயலி பக்கத்தை வடிவமைத்துக்கொள்ளும். ஆனால் அது ஆங்கிலத்தை மனத்தில் வைத்து உருவானது. பெரிய எழுத்தில் உள்ள வரியைப் பாத்திரப் பெயர் என்றும், குறிப்பிட்ட சில ஆங்கிலச் சுருக்கங்களில் தொடங்கும் வரியைக் காட்சித் தலைப்பு என்றும் அது அறிந்துகொள்கிறது. தமிழில் பெரிய எழுத்து, சிறிய எழுத்து என்ற பிரிவே இல்லை. இதற்கு அந்த வடிவத்திலேயே வழி இருக்கிறது: பாத்திரப் பெயருக்கு முன்னால் மின்னஞ்சல் முகவரியில் வரும் '@' குறியையும், காட்சித் தலைப்புக்கு முன்னால் ஒரு முற்றுப்புள்ளியையும், காட்சி மாற்றத்துக்கு '>' குறியையும் இட்டால் செயலி சரியாகப் புரிந்துகொள்ளும். செயல் விவரிப்பு வரி தவறுதலாகப் பாத்திரப் பெயராக மாறினால், அதன் முன்னால் ஆச்சரியக்குறி இட வேண்டும். தமிழ்99 விசைப்பலகையில் தட்டச்சு செய்யும்போது இந்தக் குறிகளுக்காக ஒவ்வொரு முறையும் மொழியை மாற்றுவது எழுத்தின் ஓட்டத்தைக் கெடுத்தது. அதனால் வழக்கமான பாத்திரப் பெயர்களுக்குச் சுருக்குவிசைகளை அமைத்துக்கொண்டேன்.

ஒரு பக்கம் ஏறத்தாழ ஒரு நிமிடம் என்ற கணக்கு, 12 புள்ளி கூரியர் எழுத்துருவை நம்பி வந்தது. அந்த எழுத்துருவில் எல்லா எழுத்துகளும் ஒரே அகலம்; ஓர் அங்குலத்துக்கு 10 எழுத்துகள், 6 வரிகள். தமிழில் 'ர'வும் 'ணை'யும் ஒரே அகலத்தில் நிற்க முடியாது. மேலும், வசனத்துக்கு ஆங்கிலத் திரைக்கதையில் ஒதுக்கும் மூன்றரை அங்குல அகலத்தில் நம்முடைய நீண்ட வினைச்சொற்கள் இரண்டு நின்றாலே வரி முடிந்துவிடுகிறது. அதனால் பக்கங்கள் செயற்கையாகப் பெருகி, 2 மணி 10 நிமிடப் படம் 3 மணி நேரப் படம்போலத் தோன்றும்.

நான் செய்த அளவீடு எளியது. நீண்ட உரையாடல் உள்ள பக்கங்களையும், செயல் மட்டுமே உள்ள பக்கங்களையும், இரண்டும் கலந்த பக்கங்களையும் தனித்தனியே எடுத்து, கைப்பேசியின் நிறுத்துகடிகாரத்தை ஓடவிட்டு, நடிப்பின் வேகத்தில் வாய்விட்டுப் படித்தேன். ஏ4 தாள், நோட்டோ சான்ஸ் தமிழ் எழுத்துரு 11 புள்ளி, இடது ஓரம் ஒன்றரை அங்குலம், மற்ற ஓரங்கள் ஓர் அங்குலம், வசனத்தின் அகலம் நாலேகால் அங்குலம் என்று வைத்தபோது, கலப்புப் பக்கங்கள் ஒரு நிமிடத்தை ஒட்டி வந்தன. செயல் மட்டுமே உள்ள பக்கங்களை இந்தக் கணக்கில் நம்பக் கூடாது. தறிக்கூடக் காட்சிகளில் அரைப்பக்கம் இரண்டு நிமிடம் ஓடும். இந்த அளவை எல்லோருக்கும் பொது என்று சொல்ல மாட்டேன். உங்கள் எழுத்துருவுக்கும் உங்கள் வசன வேகத்துக்கும் நீங்களே ஒருமுறை அளந்துகொள்வது நல்லது.

நம்முடைய திரைத்துறையில் இடப்பக்கம் காட்சி, வலப்பக்கம் வசனம் என்று இரு பத்திகளாக எழுதும் வழக்கமும் இருக்கிறது. படப்பிடிப்புத் தளத்தில் அது மிகவும் வசதியானது. வசனத்தை மட்டும் தனியே பார்த்து நடிகருக்குச் சொல்லிக்கொடுக்கலாம். ஆனால் திருத்தும் கட்டத்தில், மௌனமும் பேச்சும் எந்த வரிசையில் வருகின்றன என்பதைக் கண் ஒரே ஓட்டத்தில் படிக்க வேண்டும். ஆகவே திருத்தம் முழுவதையும் ஒற்றைப் பத்தியில் செய்தேன்.

மொட்டைமாடியிலிருந்து வாசலுக்கு

இரண்டாம் வரைவில் மொட்டைமாடிக் காட்சி மூன்று பக்கம். அதன் நடுவே பேச்சி தன் அறைத்தோழியிடம் இப்படிச் சொல்வாள்: "ஊர்ல நான் ஒருத்தி, ஆபீஸ்ல வேற ஒருத்தி, ஆப்புல பிரியா. இதுல எது நான்னு எனக்கே தெரியலடி." படிக்கும்போது கனமாகத் தோன்றும் வரி. பேரேட்டில் இந்தக் காட்சிக்கு நேரே, அழைப்பவர் என்ற கட்டம் காலியாக இருந்தது. அவளை அழைக்க ஒருவரைக் கொண்டுவருவதற்குப் பதில், இருவரைக் கொண்டுவந்து, இருவருக்கும் வெவ்வேறு பெயரைக் கொடுத்தால் என்ன ஆகும் என்று எழுதிப் பார்த்தேன். காட்சி மாடியை விட்டு வாசலுக்கு இறங்கிவிட்டது.

வெளி. பெண்கள் விடுதி வாசல், துரைப்பாக்கம் – இரவு

பூட்டிய கம்பிக் கதவு. உள்ளே காப்பாளர், கையில் பதிவேடு. வெளியே உணவு கொண்டுவந்த இளைஞன், தலைக்கவசத்தைக் கழற்றவில்லை.

இளைஞன்
பிரியா மேடம் ஆர்டர்.

காப்பாளர்
பிரியான்னு இங்க யாரும் இல்லப்பா.

பேச்சி படியிறங்கி வருகிறாள்.

பேச்சி
எனக்குத்தான்க்கா.

காப்பாளர் பதிவேட்டைப் பார்க்கிறார். பேச்சியைப் பார்க்கிறார்.

காப்பாளர்
நீ பேச்சியம்மாள்தானே?

இளைஞன்
ஓடிபி சொல்லுங்க மேடம்.

பேச்சி
நாலு, ஏழு, ஏழு, ரெண்டு.

கம்பிகளுக்கிடையே பொட்டலம் உள்ளே வருகிறது. காப்பாளர் பதிவேட்டில் ஏதோ எழுதுகிறார்.

மூன்று பக்கம் அரைப்பக்கமாகச் சுருங்கியது எனக்கு மகிழ்ச்சி தந்தது என்றாலும், அதைவிட முக்கியமானது, காப்பாளரின் கேள்விக்கு அவள் பதில் சொல்லவில்லை என்பது. எந்தப் பெயர் அவளுடையது என்று அங்கே முடிவாவதில்லை; நான்கு இலக்கங்கள் இருவரையும் சமாதானப்படுத்திவிடுகின்றன. பொட்டலம் உள்ளே வருவதற்குப் பெயர் தேவைப்படவில்லை. இதை அவள் வாயால் சொல்லவைக்க வேண்டும் என்ற ஆசை எனக்கு இன்னும் இருக்கிறது. அதனால்தான் இதே வழியை மற்ற தன்னுரைகளுக்கும் கடைப்பிடித்தேன்: வரியை வெட்டுவதற்கு முன், அந்த வரியின் வேலையைச் செய்யக்கூடிய இரண்டாவது மனிதர் ஒருவரைக் காட்சிக்குள் அழைத்து வருவது. வெறுமனே வெட்டினால் காட்சி மெலிந்துவிடும்.

அரை மணி நேரமும் ஒரு மணி நேரமும்

தந்தைக்கும் மகளுக்கும் இடையிலான விரிசலை எப்படி உருவாக்குவது என்பதில்தான் அதிகக் காலம் சென்றது. இரண்டாம் வரைவில் அவர்களுக்குள் ஒரு சண்டை இருந்தது. அது எந்தக் கதையிலும் இருக்கக்கூடிய சண்டை. இந்தக் கதைக்கே உரிய காரணம் கடிகாரத்தில் கிடைத்தது.

சிகாகோவில் காலை 9 மணிக்குத் தொடங்கும் கூட்டம், குளிர்காலத்தில் நமக்கு இரவு 8.30. சுடலைமுத்துவின் தறி முறைவேலை இரவு 8 மணிக்கு முடிகிறது. வெளியே வந்ததும் மகளுக்குப் பேசுவார். அரை மணி நேரம் இருவருக்கும் சொந்தம். அமெரிக்காவில் மார்ச் மாதத்தின் இரண்டாவது ஞாயிறன்று கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளுகிறார்கள். 2007 முதல் இதுதான் அங்கே நடைமுறை. நாம் நம் கடிகாரத்தைத் தொடுவதில்லை. ஆகவே அடுத்த நாளிலிருந்து அதே கூட்டம் நமக்கு இரவு 7.30-க்கே தொடங்கிவிடுகிறது. 8 மணிக்குத் தந்தை கூப்பிடும்போது அவள் கூட்டத்தின் நடுவில் இருக்கிறாள். யாருக்கும் யார் மீதும் கோபமில்லை. எங்கோ ஒரு நாட்டின் சட்டம் சங்கரன்கோவிலில் ஒருவர் மகளோடு பேசும் நேரத்தை எடுத்துக்கொள்கிறது.

அடுத்து அவர் என்ன செய்வார் என்பதுதான் எனக்கு அந்த மனிதரைக் காட்டித் தந்தது. அவர் வருத்தப்பட்டு நிறுத்திவிடுவார் என்று முதலில் எழுதினேன், பிறகு மாற்றினேன். பக்கத்துத் தறிக்காரரிடம் தன் தறிகளைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு 7.15-க்குக் கூடத்தின் வாசலுக்கு வந்து நிற்கிறார். நூல் அறுந்தால் உடனே முடிச்சுப் போட வேண்டும் என்பதால் அதைவிடத் தூரம் போக முடியாது. தறிகளின் இரைச்சலில் இருவரும் கத்துகிறார்கள்.

சுடலைமுத்து
ஏட்டி பேச்சி! சாப்ட்டியா?

பேச்சி
கேக்கலப்பா! நீங்க சாப்ட்டீங்களா?

சுடலைமுத்து
ஆங்? ஏட்டி, பேச்சி!

ஒலிக்கலவையில் மற்ற சொற்கள் தறியில் அமிழ்ந்து, 'பேச்சி' என்ற பெயர் மட்டும் தெளிவாகக் கேட்க வேண்டும் என்று காட்சிக் குறிப்பில் எழுதியிருக்கிறேன். ஒலி பற்றிய குறிப்பைத் திரைக்கதையில் எழுதுவது இயக்குநரின் வேலையில் தலையிடுவது என்பார்கள். பொதுவாக ஒப்புக்கொள்வேன். இந்த ஒரு காட்சியில் ஒலிதான் செயல் என்பதால் விட்டுக்கொடுக்கவில்லை.

தந்தை இறந்த பிறகு, இ-சேவை மையத்தில் வாரிசுச் சான்றிதழுக்கு விண்ணப்பிக்கும் காட்சி ஒன்று உண்டு. இறப்புச் சான்றிதழில் 'சுடலைமுத்து' ஒரே சொல்லாகவும், ஆதாரில் 'சுடலை முத்து' என்று இரு சொற்களாகவும் இருக்கிறது. கணினியில் அமர்ந்திருக்கும் பெண் "ரெண்டும் ஒரே ஆள்தானா?" என்று கேட்கிறார். பேச்சி "ஆமாங்க" என்கிறாள். முன்பு இங்கே ஓர் அழுகை இருந்தது, எடுத்துவிட்டேன்.

இறுதிக் காட்சி

இரண்டாம் வரைவில் டிக்கெட் நிறைவேறியதாக மின்னஞ்சல் வருகிறது. அவள் அதைப் பார்த்து ஒன்றரைப் பக்கம் பேசி, பெயரைப் பழையபடியே விட்டுவிடுமாறு பதில் எழுதுகிறாள். அந்த முடிவு எனக்குப் பிடித்திருந்தது, ஆனால் அது அவளுடைய முடிவாக இல்லாமல் என்னுடைய கருத்தாக இருந்தது. ஊருக்குத் திரும்புவதே அடையாளத்தைக் காப்பது என்றோ, நகரத்துக்கு ஏற்ப மாறுவதே விடுதலை என்றோ ஒரு தரப்பை அவள் தலையில் கட்ட எனக்கு விருப்பமில்லை. பிரியா என்ற பெயரையும் அவள் ஆசையோடுதான் தேர்ந்தாள்.

உள். அலுவலகம், சோழிங்கநல்லூர் – இரவு

கணினித் திரையில் கூட்டம். எட்டுச் சிறு கட்டங்கள். பேச்சி காதொலிக்கருவியை மாட்டிக்கொண்டு காத்திருக்கிறாள்.

மேலாளர் (குரல்)
குட் மார்னிங், எவ்ரிஒன். பேச்சி... அம்மாள், யூ கோ ஃபர்ஸ்ட்.

எட்டுக் கட்டங்களிலும் அமைதி. பேச்சி காத்திருக்கிறாள்.

மேலாளர் (குரல்)
பேச்சியம்மாள்?

பேச்சி திரையைப் பார்க்கிறாள். அவளுடைய கட்டத்தின் கீழே பெயர் மாறியிருக்கிறது. ஒலித்தடையை நீக்குகிறாள்.

பேரேட்டின் கடைசிப் பத்தியில் இந்தக் காட்சிக்கு எழுதியது: இரண்டாம் முறை கூப்பிட்ட பிறகு பதில் சொல்கிறாள். சரியான பெயரால் அழைக்கப்படும்போது அவள் திரும்பாமல் இருப்பதற்குக் காரணம், அவள் இன்னொரு பெயருக்காகக் காத்திருக்கிறாள் என்பது. இது விளங்க வேண்டுமென்றால், முற்பகுதியில் 'சுடலை' என்று அழைத்தவுடன் அவள் சற்றும் தயங்காமல் பதில் சொல்லும் காட்சிகள் குறைந்தது மூன்று இருக்க வேண்டும். அவை இரண்டாம் வரைவில் இல்லை. திரும்பிப் போய் எழுதிச் சேர்த்தேன்.

வாய்வழிக் கதை சொல்லல்

நம்முடைய துறையில் திரைக்கதையைப் படிப்பவர்களைவிடக் கேட்பவர்களே அதிகம். தயாரிப்பாளரிடமும் நடிகரிடமும் இரண்டு மணி நேரம் உட்கார்ந்து கதை சொல்ல வேண்டும். தன்னுரைகளை நீக்கிய திரைக்கதையைச் சொல்வது கடினம் என்று அஞ்சினேன். ஏனென்றால் வசனம்தான் சொல்லுகிறவரின் கைத்தடி. உதவி இயக்குநராக இருக்கும் நண்பர் ஒருவரிடம் முழுவதையும் சொல்லிப் பார்த்ததில் ஒன்று பிடிபட்டது. "அவள் மனம் உடைந்துபோகிறாள்" என்பது போன்ற விளக்கத்தைச் சொன்ன இடங்களில் அவர் கைப்பேசியைப் பார்த்தார். யார், எந்தப் பெயரால், எத்தனை முறை அழைத்தார் என்று மட்டும் சொல்லி நிறுத்திய இடங்களில், அடுத்து அவள் என்ன செய்தாள் என்று அவரே கேட்டார். விடுதி வாசல் காட்சியை நான் குரலை மாற்றாமல், பதிவேட்டையும் ஓடிபியையும் மட்டும் சொன்னேன். அது போதுமானதாக இருந்தது. இறுதிக் காட்சியில் மேலாளர் முதல்முறை அழைத்த பிறகு நான் நான்கைந்து நொடி பேசாமல் இருந்தேன். அந்த இடைவெளியின் நீளத்தைத் திரைக்கதையிலும் இப்போது குறித்திருக்கிறேன்.

மூன்றாம் வரைவு இப்போது 126 பக்கங்களில் நிற்கிறது. எழுத்துருவை உட்பொதித்து பிடிஎஃப் ஆக்கி, தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர்கள் சங்கத்தில் பதிவு செய்வதற்கான படியைத் தயாரித்துவிட்டேன். நான்காம் வரைவுக்கு மிச்சமிருப்பது தறிக்கூடம். சுடலைமுத்துவை அவருடைய சக தறிக்காரர்கள் எப்படி அழைக்கிறார்கள் என்ற பத்தி பேரேட்டில் இன்னும் நிரம்பவில்லை. வயதில் இளையவர்கள் 'அண்ணாச்சி' என்பார்களா, உறவுமுறை சொல்லி 'மாமா' என்பார்களா, முதலாளி பெயரைச் சொல்லியே கூப்பிடுவாரா என்பதை எழுதி முடித்த பிறகுதான், தந்தையின் காட்சிகளை மறுபடி நேரம் வைத்துப் படிக்கப்போகிறேன்.